அயர்லாந்தில் இரண்டு பெரிய கட்சியும் ஒரே மாதிரிப் பேசுகின்றனவே, அப்புறம் ஏன் இரண்டு கட்சி?

அம்மாபேட்டை அப்பா கேட்டது:

அனைவருக்கும் வணக்கம். சேலம் அம்மாபேட்டையிலிருந்து எழுதுகிறேன். நெசவாளர் சொசைட்டியில் கணக்கு எழுதி ஓய்வு பெற்றவன். மூத்த மகள் அயர்லாந்தில் வாட்டர்ஃபோர்டில் நர்ஸாக இருக்கிறாள். அங்கே வரும் 2024 ஜூன் 7 அன்று உள்ளாட்சித் தேர்தல். குடியுரிமை வாங்காதவர்களுக்கும், அங்கே குடியிருந்தாலே உள்ளாட்சிக்கு ஓட்டு உண்டாம். மகளுக்கு அந்த நாட்டில் இதுதான் முதல் ஓட்டு.

போன வாரம் ஒரே சாயங்காலத்தில் இரண்டு வேட்பாளர்கள் வந்து கதவைத் தட்டியிருக்கிறார்கள். ஒருவர் ஃபியானா ஃபால் கட்சி, இன்னொருவர் ஃபினா கேல் கட்சி. இருவரும் பேசியது ஒன்றேதான்: பஸ் வசதி, குழந்தைகள் காப்பகம், தெருவிளக்கு. முதலாமவர் வெளியே போக, இரண்டாமவர் உள்ளே வர, கேட்டருகே நின்று இருவரும் சிரித்துப் பேசிக்கொண்டார்களாம். "இவங்களுக்குள்ள என்னப்பா வித்தியாசம்?" என்று வீடியோ காலில் கேட்கிறாள். சின்ன வயதிலிருந்து போஸ் மைதானத்தில் எல்லாக் கட்சிக் கூட்டமும் கேட்டு வளர்ந்தவன் நான். ஒரு கட்சியைப் பார்த்தால் எதற்காகப் பிறந்தது என்று சொல்லிவிடலாம் என்று நம்புகிறவன். இந்த இரண்டையும் எங்கே பிடிப்பது என்று தெரியவில்லை. இப்போது இரண்டும் ஒரே அரசாங்கத்தில் கூட்டணி வேறு. அப்படியானால் இணைந்துவிடலாமே?

இன்னொன்று. மகளுடன் வேலை பார்க்கும் ஒரு மூத்த சிஸ்டர், "எங்கள் வீட்டில் ஃபினா கேலுக்கு எவரும் போட்டதில்லை, எங்க பெரிய தாத்தாதான் காரணம்" என்றாராம். அதற்கு மேல் பேசவில்லை. என்ன நடந்தது? விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

படிக்கும் பாரதி:

ஐயா வணக்கம். நான் குரூப் 1 தேர்வுக்குப் படிக்கிறேன், எனக்குத் தெரிந்ததைச் சொல்கிறேன். நம் அரசமைப்பின் நான்காம் பகுதி, அதாவது அரசுக்கான வழிகாட்டு நெறிகள், அயர்லாந்தின் 1937 அரசமைப்பைப் பார்த்து எழுதியது. ராஜ்யசபாவுக்கு 12 பேரை நியமிக்கும் முறையும் அங்கிருந்து வந்ததுதான். நம் குடியரசுத் தலைவராக இருந்த வி.வி.கிரி டப்ளினில் சட்டம் படித்தவர், பிரிட்டிஷ் ஆட்சிக்கு எதிரான 1916 எழுச்சிக்குப் பிறகு அங்கிருந்து வெளியேற வேண்டி வந்தது. 1937இல் ராஜாஜி சென்னை மாகாணப் பிரதமரானபோது கிரி அவருடைய அமைச்சரவையில் இருந்தார். அதே அமைச்சரவைதான் அந்த வருஷம் அக்டோபர் 1 முதல் சேலம் மாவட்டத்தில் மதுவிலக்கைக் கொண்டுவந்தது.

கட்சி விஷயத்துக்கு வருகிறேன். திமுக, அதிமுக மாதிரி என்று எடுத்துக்கொள்ளலாம். நம்ம சேலம் மாநாட்டில்தான் 1944இல் நீதிக்கட்சி திராவிடர் கழகம் ஆனது. அதிலிருந்து 1949இல் திமுக, அதிலிருந்து 1972இல் அதிமுக. அங்கேயும் ஷின் ஃபெய்ன் என்று ஒரு தாய்க் கட்சி, அதிலிருந்து இந்த இரண்டும் பிரிந்தன. தலைவர்கள் சண்டை, அவ்வளவுதான் என்று நினைக்கிறேன்.

நாகலூர் காப்பி:

அண்ணா, வணக்கம். நான் ஏற்காடு நாகலூர்ப் பக்கம். கார்க் நகரத்தில் ஒரு மருந்துக் கம்பெனியில் பல வருஷம் வேலை பார்த்துவிட்டு, அப்பாவுக்கு முடியாமல் போனதும் காப்பித் தோட்டத்தைப் பார்க்க ஊர் திரும்பினவன். இந்தக் கேள்வி எனக்கு ரொம்பப் பிடித்த கேள்வி. கோடை விழாக் கூட்டத்தில் மலைப்பாதை முழுக்க வண்டி, கீழே இறங்க வழியில்லை. உட்கார்ந்து விரிவாகவே எழுதுகிறேன்.

அந்த சிஸ்டர் சொன்ன ஒரு வரிதான் முழு பதில். அவருடைய பெரிய தாத்தா 1922இல் எந்தப் பக்கம் நின்றாரோ, அதுதான் வித்தியாசம்.

தம்பி பாரதி சொன்ன ஒப்பீடு பாதி தூரம் வரும். ஒரே தாய்க் கட்சி என்பது சரி. ஆனால் நம் ஊரில் கட்சி உடைந்தபோது தலைவர்கள் மேடையில் திட்டிக்கொண்டார்கள், தொண்டர்கள் கொடியை மாற்றினார்கள். அங்கே உடைந்தபோது ராணுவம் இறங்கியது. நேற்றுவரை ஒரே பதுங்குகுழியில் கிடந்தவர்கள் ஒருவரையொருவர் சுட்டுக்கொண்டார்கள்.

1918 தேர்தலில் அயர்லாந்தின் 105 இடங்களில் 73 இடம் ஷின் ஃபெய்னுக்கு. ஜெயித்தவர்கள் லண்டன் நாடாளுமன்றத்துக்குப் போகாமல், 1919 ஜனவரி 21 அன்று டப்ளினில் தங்கள் நாடாளுமன்றத்தைத் தாங்களே கூட்டினார்கள். அடுத்த இரண்டரை வருஷம் பிரிட்டனோடு கொரில்லாப் போர். 1921 டிசம்பர் 6 அன்று லண்டனில் ஒப்பந்தம். அதைப் பேசப் போன குழுவை நடத்தியவர்கள் ஆர்தர் கிரிஃபித்தும் மைக்கேல் காலின்ஸும். தலைவரான டி வலேரா போகவில்லை, டப்ளினிலேயே இருந்துகொண்டார். ஏன் போகவில்லை என்பதை இன்றுவரை அங்கே வாதம் செய்கிறார்கள்.

ஒப்பந்தத்தில் கிடைத்தது குடியரசு இல்லை, பிரிட்டிஷ் பேரரசுக்குள் ஒரு சுதந்திர அரசு. வடக்கில் 6 மாவட்டங்கள் பிரிட்டனோடே. இங்கே எல்லோரும் நாடு பிளவுபட்டதால்தான் சண்டை என்று நினைப்பார்கள். ஆனால் டப்ளின் விவாதத்தில் பெரும்பகுதி நேரத்தைத் தின்றது பிரிவினை இல்லை, பிரிட்டிஷ் அரசருக்கு உறுப்பினர்கள் எடுக்க வேண்டிய விசுவாசப் பிரமாணம்தான். குடியரசுக்கு ஒருமுறை சத்தியம் செய்தவன் அரசனுக்கு எப்படிச் சத்தியம் செய்வான் என்று ஒரு பக்கம். இதை வாங்கிக்கொண்டு மேலே போவோம், இன்னொரு போருக்கு நம்மிடம் ஆளும் இல்லை தோட்டாவும் இல்லை என்று இன்னொரு பக்கம். 1922 ஜனவரி 7 அன்று ஓட்டெடுப்பு: 64க்கு 57. நாலு பேர் மாறியிருந்தால் கதை வேறு.

ஜூனில் உள்நாட்டுப் போர் ஆரம்பித்தது. ஆகஸ்டில் காலின்ஸ் தன் சொந்த மாவட்டமான கார்க்கிலேயே பதுங்கித் தாக்கியவர்களின் குண்டுக்குப் பலியானார். டிசம்பர் 8 அன்று ஒப்பந்தத்தை எதிர்த்த நால்வரைச் சிறையிலிருந்து கொண்டுவந்து விசாரணை இல்லாமல் சுட்டார்கள். அதற்கு ஒப்புதல் சொன்ன அமைச்சர்களில் ஒருவர் கெவின் ஓ'ஹிக்கின்ஸ். சுடப்பட்ட நால்வரில் ஒருவர் ரோரி ஓ'கானர். முந்தைய வருஷம் ஓ'ஹிக்கின்ஸ் கல்யாணத்தில் மாப்பிள்ளைத் தோழனாக நின்றவர் அந்த ஓ'கானர்தான். 1927இல் ஞாயிறு பூசைக்கு நடந்து போன ஓ'ஹிக்கின்ஸையும் சுட்டுக் கொன்றார்கள்.

நான் குடியிருந்த வீட்டின் சமையலறைச் சுவரில் திருஇருதய இயேசு படம், கீழே சின்னச் சிவப்பு விளக்கு, பக்கத்தில் ராணுவ உடையில் மைக்கேல் காலின்ஸ். வீட்டுக்காரப் பெரியவர் பரம்பரை ஃபினா கேல். அவர் மனைவி கெர்ரி மாவட்டத்துக்காரர், பரம்பரை ஃபியானா ஃபால். அந்த அம்மா காலின்ஸ் படத்தைத் துடைக்கும் ஒவ்வொரு முறையும் "பாலிசீடி" என்று ஒரு சொல் மட்டும் சொல்லிவிட்டுத் துடைப்பார். ஒருநாள் கேட்டேன். 1923 மார்ச்சில் கெர்ரியில் பாலிசீடி என்ற இடத்தில், அரசு ராணுவம் 9 கைதிகளை ஒரு கண்ணிவெடியைச் சுற்றிக் கட்டி வெடிக்கவைத்தது. 8 பேர் சிதறினார்கள். ஸ்டீஃபன் ஃபுல்லர் என்ற ஒருவர் மட்டும் வெடியின் வேகத்தில் தூக்கி எறியப்பட்டுப் பிழைத்தார். பிற்காலத்தில் அவரே ஃபியானா ஃபால் உறுப்பினராக நாடாளுமன்றம் போனார். அந்த அம்மாவின் ஊர் அது. இந்தக் கதையைக் கேட்டு வளர்ந்த ஒருவர் ஃபினா கேலுக்கு எப்படிப் போடுவார் சொல்லுங்கள்.

1923 மேயில் சண்டை நின்றது, எதிர்ப்பாளர்கள் தோற்றார்கள். ஒப்பந்தத்தை ஆதரித்தவர்கள் காஸ்கிரேவ் தலைமையில் ஒரு கட்சி கட்டி நாட்டை ஆண்டார்கள். அந்தக் கட்சி 1933இல் வேறு இரண்டு அமைப்புகளோடு சேர்ந்து ஃபினா கேல் ஆனது. தோற்றவர்கள் நாடாளுமன்றத்துக்கே வராமல் இருந்தார்கள். இப்படியே இருந்தால் கரைந்துபோவோம் என்று டி வலேரா 1926இல் ஷின் ஃபெய்னை விட்டு விலகி ஃபியானா ஃபால் தொடங்கினார். மறு வருஷம் அந்தப் பிரமாணப் புத்தகத்தில், இது வெறும் சம்பிரதாயம் என்று சொல்லி பைபிளைத் தள்ளி வைத்துவிட்டுக் கையெழுத்துப் போட்டு உள்ளே போனார். இதற்காகவா அத்தனை பேர் செத்தார்கள் என்று காலின்ஸ் பக்கத்துக் குடும்பங்கள் இன்றும் கேட்கும். நியாயமான கேள்விதான்.

ஆனால் அண்ணா, எல்லாவற்றையும்விட எனக்குப் பெரிதாகப் படுவது 1932. பிப்ரவரித் தேர்தலில் 153இல் 72 இடம் ஃபியானா ஃபாலுக்கு, தொழிலாளர் கட்சி ஆதரவு கொடுத்தது. போர் முடிந்து 9 வருஷம்கூட ஆகவில்லை. மார்ச் 9 அன்று சபை கூடியபோது சில உறுப்பினர்கள் பாக்கெட்டில் ரிவால்வர் வைத்திருந்தார்கள் என்று சொல்வார்கள். ராணுவம் முழுக்க ஒப்பந்த ஆதரவாளர்கள். தங்களோடு சண்டை போட்டவர்களுக்கு அவர்கள் சல்யூட் அடிப்பார்களா? காஸ்கிரேவ் சாவியைக் கொடுத்துவிட்டு எதிர்க்கட்சி இருக்கைக்கு நடந்து போனார். டி வலேரா பாதுகாப்பு அமைச்சராகப் போட்டது ஃபிராங்க் எய்கனை. போர் முடியும்போது எதிர்ப்புப் படையின் தலைமைத் தளபதியாக இருந்தவர் அதே எய்கன். ராணுவம் சல்யூட் அடித்தது. அதே காலகட்டத்தில் புதிதாகப் பிறந்த ஐரோப்பிய நாடுகள் பலவற்றில் என்ன ஆயிற்று என்று பாருங்கள். ஜனநாயகம் பிழைத்தவை ரொம்பக் குறைவு. இந்தக் கட்சிகளைப் பற்றி ஆயிரம் குறை சொல்லலாம், நானே சொல்வேன். அந்த ஒரு நாளுக்காக இரண்டு பக்கத்தையும் நான் கும்பிடுவேன்.

அம்மாபேட்டை அப்பா:

படித்துவிட்டு அப்படியே உட்கார்ந்துவிட்டேன் தம்பி. மகளுக்கு அனுப்பியிருக்கிறேன். இரண்டு சந்தேகம். கொள்கை வித்தியாசம் என்று எதுவுமே இல்லையா, எல்லாம் தாத்தா கணக்குதானா? தொழிலாளர் கட்சி இத்தனை வருஷம் என்ன செய்துகொண்டிருந்தது? ஆஸ்பத்திரியில் இளவட்டங்கள் எல்லாம் ஷின் ஃபெய்ன் என்கிறார்களாம். அது அந்தப் பழைய 1918 கட்சியேதானா?

ஆத்தூர் மலர், டப்ளின்:

வணக்கம் அப்பா. நான் ஆத்தூர்ப் பொண்ணு, டப்ளினில் வேலை. நாகலூர் அண்ணன் எழுதியதை மறுக்கவில்லை, ஆனால் அண்ணா, தாத்தாவை மட்டும் சொன்னால் சரியாக வராது. நிலத்தையும் சேர்க்க வேண்டும். ஃபியானா ஃபால் மேற்குப் பக்கத்துச் சிறு விவசாயிகளிடமும் நகரத்துத் தொழிலாளிகளிடமும் வளர்ந்த கட்சி. ஃபினா கேல் பக்கம் நின்றவர்கள் பெரிய பண்ணைக்காரர்கள், கடைக்காரர்கள், வக்கீல்கள். டி வலேரா 1932இல் வந்ததும், விவசாயிகள் நிலம் வாங்கியதற்கான தவணைப் பணத்தை பிரிட்டனுக்கு அனுப்ப மாட்டேன் என்றார். பிரிட்டன் அயர்லாந்து மாட்டுக்கு வரி போட்டது. 1938 வரை இழுத்த அந்தச் சண்டையில் மாடு வளர்த்து ஏற்றுமதி செய்த பெரிய பண்ணைக்காரன்தான் அடிபட்டான். அவன் எந்தக் கட்சிக்குப் போவான்? கொள்கை அங்கே இருந்தது, காலப்போக்கில் தேய்ந்துவிட்டது. அரசனோடு இருந்த கடைசி உறவையும் அறுத்து 1949இல் குடியரசு என்று அறிவித்ததே ஃபினா கேல் பிரதமர் காஸ்டெல்லோ தலைமையிலான கூட்டணிதான். 1922 சண்டைக்கான காரணம் அன்றே முடிந்தது. கட்சிகள் மட்டும் நின்றுவிட்டன.

தொழிலாளர் கட்சி இந்த இரண்டையும்விட மூத்தது. ஜேம்ஸ் கானலி, ஜேம்ஸ் லார்கின் என்ற தொழிற்சங்கத் தலைவர்கள் எல்லாம் சேர்ந்து 1912இல் தொடங்கியது. 1918 தேர்தலில் தேசியப் பிரச்சினை முதலில் தீரட்டும் என்று ஒதுங்கிக்கொண்டது. டி வலேரா ஆட்கள் சபைக்கு வராத காலத்தில் பிரதான எதிர்க்கட்சியாக இருந்து நாடாளுமன்ற வேலையை நடத்தியதும் அதுதான், ஆனால் அந்த இடம் நிலைக்கவில்லை. ஊரே ஒப்பந்தத்துக்கு ஆதரவா எதிர்ப்பா என்று பிரிந்து நின்றால் கூலியைப் பற்றிப் பேசுகிறவனை யார் கேட்பார்கள்? பெரும்பாலும் ஃபினா கேலுக்குத் துணையாகக் கூட்டணியில் போவதும், அடுத்த தேர்தலில் அடி வாங்குவதும்தான் அதன் கதை. 2011இல் 37 இடம், 2016இல் 7.

நடுவில் ஒரு சம்பவம், எனக்கு ரொம்பப் பிடித்தது. 1982 ஜனவரியில் ஃபினா கேல், தொழிலாளர் கூட்டணி பட்ஜெட்டில் குழந்தைகள் செருப்பு, ஷூவுக்கும் வரி போட்டது. லிமெரிக் நகரத்து ஜிம் கெம்மி என்ற சுயேச்சை, ஏழைப் பிள்ளை ஷூவுக்கு வரியா என்று ஆதரவை விலக்கினார். 82க்கு 81, அரசாங்கம் காலி. 18 மாதத்தில் மூன்று பொதுத் தேர்தல் நடந்த காலம் அது.

ஷின் ஃபெய்ன் பெயரில் அதே கட்சி. நடுவில் பலமுறை உடைந்தது. 1926இல் டி வலேரா போனபின் கிட்டத்தட்ட ஆளில்லாத வீடு. 1970இல் மறுபடி இரண்டாக உடைந்தது. இப்போது இருப்பது வட அயர்லாந்தில் ஆயுதம் ஏந்திய ஐஆர்ஏ (ஐரிஷ் குடியரசுப் படை) அமைப்போடு சேர்ந்து நின்ற பிரிவு. டப்ளின் நாடாளுமன்றத்துக்குப் போகலாம் என்று 1986இல்தான் முடிவெடுத்தார்கள். வட அயர்லாந்துச் சண்டையை நிறுத்திய 1998 புனித வெள்ளி ஒப்பந்தத்துக்குப் பிறகு படிப்படியாக வளர்ந்தது. லண்டன் நாடாளுமன்றத்துக்கு ஜெயித்தாலும் இன்றுவரை போய் உட்காருவதில்லை.

இளைஞர்கள் அங்கே போனதற்குக் காரணம் 1922 இல்லை அப்பா, 2008. வங்கிகள் விழுந்தன. ஃபியானா ஃபால் அரசு வங்கிக் கடனுக்கெல்லாம் உத்தரவாதம் கொடுத்தது. 2010 நவம்பரில் 85 பில்லியன் யூரோ கடன் ஏற்பாட்டுக்கு நாடு கையேந்தியது. 1932 முதல் 2007 வரை ஒவ்வொரு பொதுத் தேர்தலிலும் முதலிடம் பிடித்த கட்சி, 77 இடத்திலிருந்து 2011இல் 20க்கு விழுந்தது. டப்ளின் முழுக்க ஒரே ஒரு இடம். அதன்பின் வந்த ஃபினா கேல் அரசும் சிக்கனம் என்றது. வீடு கட்டுவது நின்றது, வாடகை ஏறியது. என்னோடு வேலை பார்க்கும் பெண்கள் முப்பது வயதிலும் அம்மா வீட்டுப் பழைய அறையில் இருக்கிறார்கள். அவர்களிடம் பாலிசீடி பற்றிப் பேசிப் பயனில்லை. வாடகை யார் குறைப்பார்கள் என்றுதான் கேட்கிறார்கள். 2020இல் ஷின் ஃபெய்னுக்கு 24.5 சதவீதம், ஓட்டுக் கணக்கில் முதலிடம். அதைத் தடுக்கத்தான் பரம்பரைப் பகையாளிகள் இருவரும், பசுமைக் கட்சியைச் சேர்த்துக்கொண்டு, முதல் முறையாக ஒரே அமைச்சரவையில் உட்கார்ந்தார்கள். பிரதமர் பதவியை முறை வைத்துப் பகிர்ந்தார்கள். முதலில் ஃபியானா ஃபாலின் மீஹால் மார்ட்டின், அப்புறம் ஃபினா கேலின் லியோ வரத்கர், அவர் விலகியதால் 2024 ஏப்ரலில் சைமன் ஹாரிஸ் வந்தார். இணைந்துவிடலாமே என்று கேட்டீர்கள். இணைந்தால் எதிர்க்கட்சி இடம் முழுசாக ஷின் ஃபெய்னுக்குப் போய்விடும். அந்தக் கணக்கு அவர்களுக்குத் தெரியும்.

நாகலூர் காப்பி:

மலர் சொன்னது முற்றிலும் சரி, குறிப்பாக மாட்டுக் கதை. வாடகை விஷயமும் நான் கண்ணால் பார்த்தது. ஒன்று மட்டும் சேர்க்கிறேன், அண்ணாவின் மகள் ஓட்டுப் போடப்போவதால் அது முக்கியம்.

இத்தனை கட்சிகள் சாகாமல் இருப்பதற்குக் காரணம் அவர்களுடைய ஓட்டு முறை. ஒரு தொகுதிக்கு ஒருவர் இல்லை. நாடாளுமன்றத்துக்கு ஒரு தொகுதியில் 3 முதல் 5 பேர், உள்ளாட்சி வட்டத்தில் பெரும்பாலும் 5 முதல் 7 பேர். வேட்பாளர்களுக்கு 1, 2, 3 என்று விருப்ப வரிசைப்படி எண் போட வேண்டும். இது நமக்கு அந்நியம் இல்லை. ராஜ்யசபாவுக்கு எம்எல்ஏக்கள் இப்படித்தான் போடுகிறார்கள். தமிழ்நாட்டில் 234 எம்எல்ஏ, 6 இடம் என்றால் ஓர் இடத்துக்கு 34 ஓட்டு வேண்டும் என்று பேப்பரில் படிப்போமே, அதே கணக்கு. அங்கே பொதுமக்களே அப்படிப் போடுகிறார்கள். தேவைக்கு மேல் வாங்கினவரின் உபரி ஓட்டும், கடைசியில் வந்து கழிந்தவரின் ஓட்டும் அடுத்த எண்ணில் உள்ளவருக்கு நகரும்.

அதனால் வேட்பாளர் எதிர்க்கட்சி வீட்டுக் கதவையும் தட்டுவார். "உங்கள் 1 எனக்குக் கிடைக்காது என்று தெரியும், 3 போடுங்கள்" என்பார். அந்த இருவர் கேட்டருகே சிரித்துப் பேசினார்கள் என்றீர்களே, அது வெறும் மரியாதை இல்லை. ஒருவர் ஓட்டு இன்னொருவருக்கு வந்து சேரும் வாய்ப்பு உண்டு. பக்கத்துக் கட்சியைத் தெருவில் அசிங்கமாகத் திட்டினால் கடைசிச் சுற்றில் தோற்றுப்போவீர்கள். இரண்டாவது விருப்பத்துக்காக மூன்று தலைமுறையாகக் கதவு தட்டித் தட்டியே உள்நாட்டுப் போரின் சூடு தணிந்தது என்பது என் எண்ணம்.

பெரிய கட்சிக்கு இது எரிச்சல். ஃபியானா ஃபால் இந்த முறையை ஒழிக்க இரண்டு தடவை பொதுவாக்கெடுப்பு நடத்தியது. 1959 ஜூன் 17 அன்று ஒரே நாளில் குடியரசுத் தலைவர் தேர்தலும் இந்தக் கேள்வியும். மக்கள் டி வலேராவைக் குடியரசுத் தலைவராக்கினார்கள், அவர் கேட்டதை மறுத்தார்கள். 1968இல் மறுபடி கேட்டார்கள். 60 சதவீதத்துக்கு மேற்பட்டோர் வேண்டாம் என்று போட்டார்கள்.

எண்ணும் இடத்தை ஒருமுறை பார்க்க வேண்டும் அண்ணா. 2014 உள்ளாட்சி எண்ணிக்கைக்கு வீட்டுக்காரப் பெரியவர் என்னையும் கூட்டிக்கொண்டு போனார். நீளமான மேஜைகள், முன்னால் இடுப்பு உயரத் தடுப்பு. ஊழியர்கள் ஒரு பெட்டியைக் கவிழ்த்து, மடிப்பைப் பிரித்து, சீட்டை முகம் மேலாக வைத்து அடுக்குவார்கள். தடுப்புக்கு இந்தப் பக்கம் எல்லாக் கட்சி ஆட்களும் தோளோடு தோள் இடித்துக்கொண்டு நின்று, ஒவ்வொரு சீட்டும் விரியும்போது 1 யாருக்கு என்று எட்டிப் பார்த்து, அட்டையில் பென்சிலால் கோடு போடுவார்கள். நாலு கோடு, குறுக்கே ஒன்று. ஒரு கட்சிக்காரர் ஒரு பெட்டி பார்த்தால் இன்னொரு கட்சிக்காரர் அடுத்த பெட்டி. பிறகு அட்டைகளை ஒன்றாக வைத்து எல்லோரும் சேர்ந்து கூட்டுவார்கள். அதிகாரி முதல் சுற்று அறிவிப்பதற்குள் யார் ஜெயிப்பார், யார் இழுபறி என்று ஊருக்கே தெரிந்துவிடும். அப்புறம்தான் நிஜ வேலை. ஒருவர் கழிந்ததும் அவர் கட்டைப் பிரித்து, சீட்டுச் சீட்டாக அடுத்த எண் பார்த்து, மற்றவர்கள் தட்டில் போடுவார்கள். எட்டாவது, ஒன்பதாவது சுற்று என்று ராத்திரி வரை, சில சமயம் நாள் கணக்கில் போகும். பெரியவர் தன் ஃபினா கேல் ஆள் கழிந்ததும், அந்த ஓட்டுகள் எங்கே போகின்றன என்று கண்ணெடுக்காமல் பார்த்தார். கணிசமாக ஃபியானா ஃபாலுக்குப் போயின. "எங்க அப்பா இருந்திருந்தா இதைப் பார்த்திருக்கக் கூடாது" என்றார், ஆனால் முகத்தில் வருத்தம் இல்லை.

நம்மை மாதிரி மிஷினும் வாங்கிப் பார்த்தார்கள். 2002இல் மூன்று தொகுதியில் சோதனை. அப்புறம் நம்பிக்கை வரவில்லை. 50 மில்லியன் யூரோவுக்கு மேல் செலவழித்து வாங்கியவற்றைக் கிடங்கில் போட்டு வைத்து, 2012இல் சுமார் 70,000 யூரோவுக்குப் பழைய இரும்பாக விற்றார்கள். பென்சிலே போதும் என்று இருக்கிறார்கள். நாம் 2024 மக்களவைத் தேர்தலுக்கு ஏப்ரல் 19 அன்று பட்டனை அழுத்திவிட்டு, எண்ணிக்கை நாளான ஜூன் 4க்குக் காத்திருக்கிறோம். எண்ண ஆரம்பித்தால் மதியத்துக்குள் தெரிந்துவிடும், அது நம் வசதி. ஆனால் ஓட்டு ஒவ்வொன்றும் கை மாறிப் போவதை நின்று பார்க்க முடிகிறதே, அது எனக்கு வேறு எங்கும் கிடைக்காத காட்சி.

அம்மாபேட்டை அப்பா:

மிக்க நன்றி தம்பி, மலரம்மா, பாரதி. மகள் கேட்கச் சொல்கிறாள்: எல்லோருக்கும் எண் போட்டாக வேண்டுமா? நாலு பேரைத்தான் அவளுக்குத் தெரியும், பதினைந்து பேர் நிற்கிறார்களாம். வேண்டாதவருக்குக் கடைசி எண் போடுவதா, காலியாக விடுவதா?

ஆத்தூர் மலர், டப்ளின்:

முதலில் வாக்காளர் பதிவேட்டில் பெயர் இருக்கிறதா என்று பார்க்கச் சொல்லுங்கள் அப்பா. பாஸ்போர்ட்டைக் கையில் எடுத்துக்கொண்டு போகட்டும், கேட்டால் காட்டலாம். ஐரோப்பிய நாடாளுமன்றத் தேர்தலும் அதே நாளில்தான். அந்தச் சீட்டு அவளுக்குக் கிடையாது, உள்ளாட்சிச் சீட்டு மட்டும் தருவார்கள். கேட்டு வாங்கவில்லையே என்று குழம்ப வேண்டாம்.

நாகலூர் காப்பி:

எல்லோருக்கும் போட வேண்டியதில்லை அண்ணா. 1 மட்டும் போட்டாலும் செல்லும். நாலு பேரைத் தெரிந்தால் 1 முதல் 4 வரை போட்டுவிட்டு நிறுத்தலாம். அந்த நால்வரும் ஜெயித்தோ கழிந்தோ போனால் அவள் ஓட்டு அங்கே நின்றுவிடும், அவ்வளவுதான். இவர் மட்டும் வரவே கூடாது என்று ஒருவர் இருந்தால் அவரைக் காலியாக விட்டு மற்றவர்களுக்கு எண் போட்டுக்கொண்டே போகலாம். பின்னால் போடும் எண் முன்னால் போட்டவருக்குக் கெடுதல் செய்யாது, முன்னவர் கணக்கு முடிந்த பிறகுதான் அது விழித்துக்கொள்ளும். வேட்பாளர் பெயர்கள் குடும்பப் பெயரின் அகர வரிசையில், படத்தோடு, கட்சிச் சின்னத்தோடு இருக்கும். ஒரே கட்சிக்காரர்கள் இருவர் மூவர் தள்ளித் தள்ளி இருப்பார்கள், சீட்டை முழுக்க ஒருமுறை படித்துவிட்டுப் பென்சிலை எடுக்கட்டும். ஒரே எண்ணை இருவருக்குப் போட்டுவிடக் கூடாது. வேறு எதையும் சீட்டில் எழுதவும் கூடாது.